ஹராகிரி: வாளை விற்றவனும் சம்பளம் இழந்த சாமுராய்களும்

மசாகி கோபயாஷி 1962இல் இயக்கிய ‘ஹராகிரி’ படத்தைப் பார்த்தவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். வேலையிழந்த ஒரு சாமுராய், நோயுற்ற மனைவிக்கும் குழந்தைக்கும் மருந்து வாங்கத் தன் வாளை விற்றுவிட்டு, உறையில் மூங்கில் தகடுகளைச் செருகிக்கொண்டு நடமாடும் அளவுக்கு அந்தக் காலத்தில் வறுமை இருந்ததா, அல்லது சாமுராய் மரபின் மீது கோபம் கொண்ட இயக்குநர் ஒருவர் வரலாற்றைத் தமக்கு வேண்டியபடி இருட்டாக்கிக் காட்டினாரா என்பதே அது. வறுமை உண்மை, அதன் காரணங்களும் படம் சொல்வதைவிட விரிவாகப் பதிவானவை, ஆனால் அந்த வறுமையிலிருந்து வெளியேறும் வழிகளில் சிலவற்றைப் படம் வேண்டுமென்றே மூடிவிடுகிறது என்பது என் கருத்து. விளக்கத்துக்காகக் கதையின் முடிவுவரை சொல்ல வேண்டியிருப்பதால், படம் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படிப்பது நல்லது.

கதை 1630ஆம் ஆண்டு எடோ நகரில், அதாவது இன்றைய டோக்கியோவில், இயி குலத்தின் மாளிகையில் நடக்கிறது. ஹிரோஷிமாவின் ஃபுகுஷிமா குலத்தில் ஊழியம் செய்து, அக்குலம் கலைக்கப்பட்டதால் நாதியற்றுப்போன ட்சுகுமோ ஹன்ஷிரோ என்ற நடுவயதுக்காரர் வாசலுக்கு வந்து, இப்படி வாழ்வதைவிட வயிற்றைக் கிழித்துக்கொண்டு முறைப்படி, அதாவது ஹராகிரி செய்து, இறக்க விரும்புவதாகவும், அதற்கு மாளிகை முற்றத்தைத் தந்துதவ வேண்டும் என்றும் கேட்கிறார். இவ்வாறு கேட்டு வந்த ஒருவனை ஒரு குலம் தன் ஊழியத்திலேயே சேர்த்துக்கொண்டதால், பணமோ வேலையோ கிடைக்கும் என்ற நம்பிக்கையில் பலரும் அதே பேச்சோடு வாசல் வாசலாக ஏறி இறங்குகிறார்கள் என்பது மாளிகை நிர்வாகி சாய்தோ ககேயுவின் எரிச்சல். சில மாதங்களுக்கு முன் இதே வேண்டுகோளுடன் வந்த சிஜீவா மோதோமே என்ற இளைஞனை, அவன் ஓரிரு நாள் தவணை கேட்டும் விடாமல், அவனிடமிருந்த மூங்கில் வாளாலேயே வயிற்றைக் கிழித்துக்கொள்ள வைத்ததை அவர் ஹன்ஷிரோவிடம் எச்சரிக்கையாகச் சொல்கிறார். மோதோமே தம் மருமகன் என்பதை ஹன்ஷிரோ உடனே சொல்வதில்லை. தமக்குத் துணைநிற்க மூன்று குறிப்பிட்ட வீரர்களைக் கேட்கிறார், மூவரும் உடல்நலமின்றி விடுப்பில் இருப்பதாகச் செய்தி வருகிறது, அதன் பிறகு ஒவ்வொன்றாக உண்மை வெளிப்படுகிறது.

ஃபுகுஷிமா குலத்தின் வீழ்ச்சி கற்பனையன்று. அதன் தலைவர் ஃபுகுஷிமா மசானோரி, 1600ஆம் ஆண்டு செகிகஹாராப் போரில் பின்னாளில் ஷோகுனாக, அதாவது நாட்டை ஆளும் படைத்தலைவராக, ஆன தொகுகாவா இயெயாசுவின் பக்கம் நின்று போரிட்டவர், அதற்குப் பரிசாகவே ஹிரோஷிமாவைத் தலைநகராகக் கொண்ட 4,98,000 கொகு வருவாயுள்ள நிலப்பகுதி அவருக்குக் கிடைத்தது. ஒரு கொகு என்பது ஏறத்தாழ 180 லிட்டர் அரிசி, ஒரு மனிதர் ஓராண்டு உண்ணப் போதுமான அளவு என்று அன்று கணக்கிட்டார்கள். 1617இல் வந்த வெள்ளத்தில் ஹிரோஷிமாக் கோட்டை சேதமடைய, அதை அவர் பழுதுபார்த்தார். அனுமதியின்றிக் கோட்டையைச் சீரமைப்பதை 1615ஆம் ஆண்டு ஷோகுன் அரசு விதித்த படைக்குலச் சட்டம் தடைசெய்திருந்தது. விளைவு, 1619இல் அந்தப் பெரும் நிலப்பகுதி பறிக்கப்பட்டு, மலைநாடான ஷினானோ பக்கம் 45,000 கொகு அளவில் அவருக்கு ஒதுக்கிடம் தரப்பட்டது. அதாவது பத்தில் ஒரு பங்கும் மிஞ்சவில்லை. 1624இல் அவர் இறந்தபோது அரசுப் பார்வையாளர் வந்து சேருமுன்பே உடலை எரித்துவிட்டார்கள் என்ற காரணத்தால் மிச்சமிருந்த நிலமும் போயிற்று.

ஹன்ஷிரோ வந்து நிற்கும் வாசல் இயி குலத்தின் வாசலாக இருப்பதும் தற்செயலாகத் தோன்றவில்லை. செகிகஹாராவில் முன்னணியில் நின்று முதலில் மோதும் உரிமை ஃபுகுஷிமா மசானோரிக்குத் தரப்பட்டிருந்தது என்றும், இயி நவோமசா ஒரு சிறு படையோடு அவரைக் கடந்து முன்னேறி முதல் தாக்குதலைத் தொடுத்தார் என்றும் போர் வரலாறுகள் கூறுகின்றன. முந்திக்கொண்டவர் வழிவந்த குலம் ஷோகுன்களின் நம்பிக்கைக்குரிய உள்வட்டத்தில் செழித்தது, முந்தப்பட்டவரின் ஊழியர்கள் எடோவில் குடை ஒட்டினார்கள். படத்தில் இயி மாளிகையின் நடுவே தெய்வம்போல வைத்து வணங்கப்படும் மூதாதையரின் போர்க்கவசம், சிவப்புக் கவசம் பூண்ட அந்தப் படையின் நினைவே. கறுப்பு வெள்ளைப் படம் என்பதால் அந்தச் சிவப்பு நமக்குத் தெரிவதில்லை. (1630இல் இயி குலத்தை ஆண்ட நவோதகாவைத்தான், மழையிலிருந்து ஒரு பூனை கையசைத்து அழைத்துக் காப்பாற்றிய பிரபுவாக, கடைகளில் வைக்கப்படும் அதிர்ஷ்டப் பூனையின் கதை சொல்கிறது. அந்தக் கதையில் அவர் நல்ல மனிதர்.)

இனி வறுமைக்கு வருவோம். சாமுராய் என்றதும் நிலவுடைமைப் பிரபு ஒருவர் நம் மனத்தில் வருகிறார், ஆனால் அவர்களில் மிகப் பெரும்பாலோர் சம்பளம் வாங்கிய ஊழியர்கள். மேல்நிலையில் இருந்தவர்களுக்கு இத்தனை கொகு என்று நிலம் ஒதுக்கப்படும், அதில் உழவர்களின் பங்கு போக ஏறத்தாழ நாற்பது விழுக்காடு கைக்கு வரும். கீழ்நிலையில் இருந்தவர்களுக்குக் கிட்டங்கியிலிருந்து அரிசியாகவே அளந்தார்கள். ‘ஓராள் படி’ என்ற கணக்கில் நாளொன்றுக்கு ஐந்து கோ, அதாவது ஏறத்தாழ 900 மில்லிலிட்டர், ஆண்டுக்கு 1.8 கொகு அளவு கிடைக்கும். பிரபுவின் குலம் கலைக்கப்பட்டால் இந்த அரிசி மறுநாளே நின்றுபோகும். கோட்டை நகரில் குடியிருக்கும் வீடும் பிரபுவின் உடைமை என்பதால் அதையும் காலி செய்ய வேண்டும். ஓய்வூதியம் கிடையாது, நிலம் கிடையாது, உழவுத்தொழிலும் கையில் இல்லை. 16ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஜப்பானை ஆண்ட ஹிதேயோஷி உழவர்களிடமிருந்து வாள்களைப் பறித்து, வீரர்களை ஊரிலிருந்து பிரித்துக் கோட்டை நகரங்களில் குடியமர்த்திய பிறகு, ஒரு சராசரி வீரனுக்குத் திரும்பிப் போவதற்கு ஊர் என்ற ஒன்றே இல்லாமல் போய்விட்டது.

போர் நடந்துகொண்டிருந்த காலத்தில் ஒரு குலம் அழிந்தாலும் அடுத்த குலம் வீரர்களை வாரி எடுத்துக்கொள்ளும். 1615இல் ஒசாகாக் கோட்டை வீழ்ந்த பிறகு போர் நின்றுவிட்டது, ஆனால் குலங்களைக் கலைப்பதும் சுருக்குவதும் நிற்கவில்லை. வாரிசு இல்லை, விதிமீறல், உள்வீட்டுச் சச்சரவு என்று ஏதோ ஒரு காரணம் கிடைத்துக்கொண்டே இருந்தது. இப்படி முதல் மூன்று ஷோகுன்கள் காலத்தில் வேலையிழந்த ரோனின்களின், அதாவது தலைவனற்ற சாமுராய்களின், எண்ணிக்கை லட்சங்களில் இருக்கும் என்றே வரலாற்றாசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். எல்லாக் குலங்களிலும் ஆள் நிரம்பியிருந்தார்கள், வேலைக்கு எடுக்க ஒருவருக்கும் காரணமில்லை. ஆகவே, ஹன்ஷிரோ பதினொரு ஆண்டுகளாக வேலை தேடியும் கிடைக்காமல் இருப்பதில் மிகை எதுவும் இல்லை. அவர் செய்யும் வேலையும் சரியானதே. மூங்கில் கம்பிகளின் மீது காகிதம் ஒட்டிக் குடை செய்வது ரோனின்களின் அடையாளமாகவே ஆகிப்போன கைத்தொழில், ஏனென்றால் அதை வீட்டுக்குள் உட்கார்ந்து, யார் கண்ணிலும் படாமல், துண்டுக் கூலிக்குச் செய்யலாம். மோதோமேயைப்போலப் பிள்ளைகளுக்கு எழுத்தும் சீன மூலநூல்களும் சொல்லிக்கொடுப்பது இன்னொரு வழி.

அப்படியானால் அவர்கள் ஏன் உழவராகவோ வணிகராகவோ மாறவில்லை என்று கேட்கலாம். பலர் மாறினார்கள் என்பதுதான் பதில், அதைத்தான் படம் நமக்குக் காட்டாமல் விடுகிறது. ரோனின்களில் சிலர் கிராமங்களில் குடியேறி ஊர்த்தலைவர்களானார்கள், சிலர் மருத்துவமும் போர்க்கலையும் கற்பித்தார்கள். அந்த நூற்றாண்டின் பெரும் சிந்தனையாளர்களில் ஒருவரான யமாகா சோகோ 1622இல் ஒரு ரோனினின் மகனாகப் பிறந்தவர். இன்னும் பொருத்தமான எடுத்துக்காட்டு நகாயே தோஜு. இவர் சம்பளத்தை இழந்தவர் அல்லர், தாமே உதறியவர். ஷிகோகு தீவின் ஓசு குலத்தில் ஊழியத்தில் இருந்த அவர், ஓமி நாட்டில் தனியே வாழ்ந்த தாயைப் பார்த்துக்கொள்ள விடுப்புக் கேட்டு, அது கிடைக்காததால் 1634இல் அனுமதியின்றியே ஊர் திரும்பினார். அவர் வாளை விற்று, அந்தப் பணத்தை முதலாகப் போட்டு மதுவிற்பனையும் சிறு கடன் கொடுப்பதும் செய்து தாயைக் காப்பாற்றினார் என்று அவருடைய வாழ்க்கை வரலாறுகள் கூறுகின்றன. பின்னாளில் அவர் ‘ஓமியின் ஞானி’ என்று போற்றப்பட்டார். படத்தின் கதை நடப்பதாகச் சொல்லப்படும் ஆண்டுக்கு நான்கே ஆண்டுகள் கழித்து, இயி குலத்தின் தலைநகரான ஹிகோனே ஒரு கரையில் இருக்க, அதே பிவா ஏரியின் மறுகரையில் வாளை விற்ற ஒரு மனிதர் ஞானியானார் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும்.

அதனால் வாளை விற்பது அன்று எந்தச் சாமுராயாலும் எண்ணிப் பார்க்க முடியாத இழிவு என்று சொல்வது சரியாகாது. சாமுராய் நெறி என்று இன்று நாம் படிக்கும் பல வாசகங்கள் 1630இல் இன்னும் எழுதப்படவே இல்லை. மரணத்தைப் பெரிதாகப் பேசும் ‘ஹகாகுரே’ தொகுக்கப்பட்டது 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், போரே பார்த்திராத ஒரு தலைமுறையில். சோறு கிடைப்பது உறுதியான பிறகுதான் மானத்துக்கு இலக்கணம் எழுதப்பட்டது என்று நான் சொல்வேன். மோதோமேயின் மூங்கில் வாளைக் கண்டு சிரிக்கும் இயி குலத்து வீரர்கள் கிட்டங்கியிலிருந்து மாதந்தவறாமல் அரிசி பெறுகிறவர்கள் என்பதை ஹன்ஷிரோ அவர்கள் முகத்துக்கு நேரே சொல்கிறார். நாளை உங்கள் குலமும் கலைக்கப்பட்டால் நீங்களும் இதே நிலைக்குத்தான் வருவீர்கள், அப்போது இந்த மானம் எங்கே இருக்கும் என்பதே அவர் வாதத்தின் சாரம்.

ஆனால் படத்தின் உச்சம் அந்த வாதம் அன்று. மோதோமேயின் உடலை மூன்று வீரர்கள் குடிசைக்குக் கொண்டுவந்து போட்டு, அவனுடைய மூங்கில் வாளையும் எடுத்துக்காட்டிக் கேலி செய்துவிட்டுப் போகிறார்கள். அந்தக் கணம்வரை ஹன்ஷிரோவுக்கு மருமகன் வாளை விற்றது தெரியாது. பேரனுக்குக் காய்ச்சல், மகள் மிஹோ இருமி இருமி இரத்தம் கக்குகிறாள், மருத்துவருக்குப் பணமில்லை என்று தெரிந்திருந்தும், தம் இடுப்பில் விலைபோகக்கூடிய ஒரு பொருள் இருந்தது என்பது அவருக்கு ஒருமுறைகூடத் தோன்றவில்லை. அந்த இளைஞன் யாரிடமும் சொல்லாமல் விற்றுவிட்டான், இவர் விற்பதைப் பற்றி நினைக்கவே இல்லை. அதை உணர்ந்து தம் வாளைப் பிடுங்கி எறிந்து கதறும் காட்சியில் கோபம் முழுவதும் தம் மீதே திரும்புகிறது. இயி குலத்தைப் பழிவாங்கும் கதை என்று இந்தப் படத்தைச் சுருக்கிச் சொல்பவர்கள் இந்தக் காட்சியைத் தவற விடுகிறார்கள். குடும்பத்தைக் காப்பாற்றத் தவறியவர் தம் தவறின் விலையைத் தெரிந்துகொண்டு, அதே நம்பிக்கையைச் சற்றும் ஐயமின்றி வைத்திருக்கும் ஒரு கூட்டத்திடம் வந்து, அவர்களும் அதற்கு உண்மையாக இருக்கிறார்களா என்று சோதித்துப் பார்க்கிறார் என்றே நான் இதைப் புரிந்துகொள்கிறேன். அந்தச் சோதனையின் விடைதான், உடலைக் கொண்டுவந்த அந்த மூன்று வீரர்களிடமிருந்து அவர் முன்பே வெட்டி எடுத்து, இப்போது தம் மடியிலிருந்து எடுத்து எறியும் மூன்று கொண்டைகள். அந்த மூவரும் கொண்டையை இழந்த அவமானத்துக்கு வயிற்றைக் கிழித்துக்கொள்ளவில்லை, முடி வளரும்வரை நோய் என்று சொல்லி வீட்டில் ஒளிந்துகொண்டார்கள். மோதோமே ஓரிரு நாள் தவணை கேட்டது கோழைத்தனம் என்றால் இது என்ன என்ற கேள்விக்கு நிர்வாகியிடம் பதில் இல்லை.

சாய்தோ ககேயுவை வெறும் கொடியவராக எண்ணிக் கடந்துவிடக் கூடாது என்றும் சொல்ல வேண்டும். ஒருவனுக்குக் கொடுத்தால் நாளை நூறு பேர் வாசலில் நிற்பார்கள் என்ற அவருடைய கணக்கு ஒரு நிர்வாகியின் கணக்கு, அது தவறு என்றும் எளிதில் சொல்லிவிட முடியாது. ரென்தாரோ மிகுனி அந்தப் பாத்திரத்தை இறுக்கமான, சற்றே சோர்ந்த அலுவலராக நடித்திருப்பதால்தான் படம் இத்தனை கனமாக இருக்கிறது. அவர் முதலில் தயங்குவதையும், கடுமையாக நடந்துகொள்ள வேண்டும் என்று வற்புறுத்தும் வீரர்களுக்கு இணங்குவதையும் நாம் பார்க்கிறோம். கடைசியில் அவர் செய்வது ஒரு கோப்பு வேலை. ஹன்ஷிரோ நான்கு பேரைக் கொன்று, எட்டுப் பேரைக் காயப்படுத்தி, மூதாதையரின் கவசத்தைத் தூக்கி உடைத்து, இறுதியில் துப்பாக்கிகளுக்கு முன்னே விழுகிறார். நிர்வாகியோ இறந்தவர்கள் அனைவரும் நோயால் இறந்ததாகவும், ஹன்ஷிரோ முறைப்படி வயிற்றைக் கிழித்துக்கொண்டதாகவும் எழுதச் சொல்கிறார். குலத்தின் நாட்குறிப்பு படத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் நமக்கு வாசித்துக் காட்டப்படுவதால், நாம் பார்த்த எதுவும் அதில் இல்லை என்பது தெளிவாகிறது.

வரலாற்றுத் துல்லியத்தில் படம் சறுக்கும் இடம் ஒன்றுண்டு. ஹன்ஷிரோவும் அந்த மூவரில் ஒருவரான ஒமோதகாவும் காற்று வீசும் புல்வெளியில் மோதும் புகழ்பெற்ற காட்சி, கோஜியின் வெளி என்ற இடத்தில் நடப்பதாகச் சொல்லப்படுகிறது. கோஜியின் கோயிலே 17ஆம் நூற்றாண்டின் இறுதியில்தான் எழுந்தது, 1717இல் அது எரிந்த பிறகே அந்த நிலம் வெட்டவெளியாகி அப்பெயர் பெற்றது. அந்தப் புல் அசைவதைப் பார்த்த பிறகு இதற்காக யாரும் வழக்குத் தொடுக்கமாட்டார்கள்.

இயக்குநர் வேண்டுமென்றே இருட்டாக்கினாரா என்ற கேள்விக்கு அவருடைய வாழ்க்கை ஓரளவு பதில் தருகிறது. 1916இல் பிறந்த கோபயாஷி, இரண்டாம் உலகப் போரில் கட்டாயப் படைச் சேவையில் மஞ்சூரியாவுக்கு அனுப்பப்பட்டவர். படையின் நடைமுறைகள் மீதிருந்த எதிர்ப்பைக் காட்டப் பதவி உயர்வை மறுத்துக் கடைநிலைச் சிப்பாயாகவே இருந்தார், போர் முடிந்தபின் ஒகினாவாவில் கைதியாகவும் இருந்தார். 1959 முதல் 1961வரை மூன்று பாகங்களாக வெளிவந்த ‘மனித நிலை’ படத்தில் அந்த அனுபவங்களின் சாயலைக் காணலாம். அதன் நாயகன் தத்சுயா நகதாயையே அடுத்த ஆண்டு ஹன்ஷிரோவாக்கினார். யாசுஹிகோ தகிகுசியின் கதைக்குத் திரைக்கதை எழுதியவர் ஷினோபு ஹஷிமோதோ, பிவா என்ற நரம்புக் கருவியை வைத்துக்கொண்டு பெரும்பகுதி அமைதியாகவே இசையமைத்தவர் தோரு தகெமித்சு. 1963ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு இதற்குக் கிடைத்தது. பேரன் எடுத்த மாமனாராக நடித்தபோது நகதாய்க்கு முப்பது வயதுகூட நிரம்பவில்லை, மருமகனாக நடித்த அகிரா இஷிஹாமாவைவிட அவர் இரண்டு வயதுதான் மூத்தவர். குரலாலும் உட்காரும் விதத்தாலும் அந்த இடைவெளியை அவர் நிரப்பியிருப்பதை இரண்டாம் முறை பார்க்கும்போது கவனித்துப் பாருங்கள்.

ரோனின்களின் நிலை மாறியதா என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் கேள்விக்கு முழுப் பதில் ஆகும். 1637இல் வெடித்த ஷிமாபாரா உழவர் கிளர்ச்சியில் வேலையற்ற சாமுராய்களும் கணிசமாகச் சேர்ந்திருந்தார்கள். 1651இல் மூன்றாம் ஷோகுன் இயெமித்சு இறந்த சமயத்தில், எடோவில் போர்க்கலைப் பள்ளி நடத்திவந்த யுயி ஷோசெத்சு, ரோனின்களைத் திரட்டி நகருக்குத் தீவைத்து அரசைக் கவிழ்க்கத் திட்டமிட்டார். திட்டம் முன்கூட்டியே வெளிப்பட, அவர் சூழப்பட்டு வயிற்றைக் கிழித்துக்கொண்டார். ஷோகுன் அரசு அச்சத்தில்தான் காரணத்தைத் தேடியது. வாரிசில்லாத பிரபு மரணப்படுக்கையில் தத்தெடுப்பது அதுவரை ஏற்கப்படாததால்தான் பல குலங்கள் கலைந்து, ஆயிரக்கணக்கானோர் தெருவுக்கு வந்தார்கள். அதே ஆண்டிலேயே ஐம்பது வயதுக்குட்பட்ட பிரபுக்களுக்கு அந்தத் தத்து அனுமதிக்கப்பட்டது, அதன் பிறகு குலங்கள் கலைவது வெகுவாகக் குறைந்தது. மோதோமேயைப் போன்றவர்களின் வாசல் வேண்டுகோள்களால் ஆகாதது ஒரு சதித்திட்டத்தால் ஆயிற்று.

இதே கதையை 2011இல் தகாஷி மீகே வண்ணத்தில், முப்பரிமாணத்தில் மறுபடியும் எடுத்தார். குடும்பத்தின் அன்றாட வறுமைக்கு அதில் கூடுதல் நேரம் தரப்பட்டிருக்கிறது, நன்றாகவும் இருக்கிறது, ஆனால் முதல் படத்தில் நாம் இருபுறமும் நின்று கேட்கும் வழக்கு அதில் முன்பே தீர்ப்பெழுதப்பட்டதாகத் தெரிகிறது. குடும்பத்தைத் தாங்கும் சாமுராயின் இன்னொரு முகத்தைக் காண விரும்புபவர்கள் யோஜி யமாதா 2002இல் இயக்கிய ‘அந்திச் சாமுராய்’ பார்க்கலாம். அதன் நாயகன் செய்பெய்க்கு வேலை இருக்கிறது, 50 கொகு சம்பளமும் இருக்கிறது, இருந்தும் மனைவியின் நோய்க்கும் இறுதிச் சடங்குக்கும் பட்ட கடனால் மாலையில் வீடு திரும்பிப் பூச்சிக்கூண்டு முடைகிறான். பூச்சிக்கூண்டு விற்பதில் அவனுக்கு ஒரு வெட்கமும் இல்லை, ஏனென்றால் அவனுக்கு இரண்டு மகள்களும் மறதி நோயுள்ள ஒரு தாயும் இருக்கிறார்கள். ‘ஹராகிரி’யை முதலில் பார்த்துவிட்டு அதைப் பாருங்கள், வரிசை மாறினால் ஹன்ஷிரோவின் பிடிவாதம் புரிவது கடினம்.